பதினொன்றரை மணிக் கணக்கு

பிஸ்கட் பாக்கெட்டைச் சத்தமில்லாமல் பிரிக்க ஒரு வழி இருக்கிறது. கையால் கிழிக்கக் கூடாது. பாக்கெட்டை ஈரத் துண்டில் சுற்றி, கத்தரிக்கோலால் ஓரத்தை மெதுவாக நறுக்கி, ஒவ்வொன்றாக உருவ வேண்டும். ஃப்ரிட்ஜ் கதவில் ரப்பர் விடுபடும் சத்தம் கேட்காமல் இருக்க, விரலை ஓரத்தில் கொடுத்துக் கொஞ்சம் கொஞ்சமாகத் திறக்க வேண்டும். இதையெல்லாம் எனக்கு யாரும் சொல்லித் தரவில்லை. ஏழெட்டு வருடப் பழக்கம்.

திருச்சியில் ஓர் ஆடிட்டர் அலுவலகத்தில் கணக்கு பார்க்கிறேன். வயது 44. பகலில் என்னைப் பார்க்கிறவர்கள் இதை நம்ப மாட்டார்கள். காலையில் காபியோடு சரி. மதியம் டிபன் பாக்ஸில் பாதி அப்படியே வீட்டுக்குத் திரும்பும். கல்யாணப் பந்தியில், "என்ன சார், இலையில எதையுமே தொடலையே" என்பார்கள். ராத்திரி பதினொன்றரைக்கு மனைவியும் மகளும் தூங்கிய பிறகு சமையலறையில் நிற்கிறவன் வேறு ஆள்.

ஒரு ராத்திரியை மட்டும் சொல்கிறேன். செப்டம்பர் கடைசி, வரித் தணிக்கைக் கெடு நெருங்கும் நேரம். மீந்த சாதத்தில் தயிரை ஊற்றிப் பாத்திரத்தோடு சாப்பிட்டேன். அப்புறம் கால் கிலோ மிக்சரில் முக்கால்வாசி. மகளின் ஸ்நாக்ஸ் டப்பாவில் மறுநாளுக்கு வைத்திருந்த கிரீம் பிஸ்கட். மாமியார் ஊரிலிருந்து கொண்டுவந்த அதிரசத்தில் எட்டோ ஒன்பதோ. அதற்கு மேல் தின்ன எதுவும் இல்லாமல் பூஸ்ட் பொடியைக் கரண்டியால் அள்ளி வாயில் போட்டு, அது மேலண்ணத்தில் அப்பிக்கொண்டு மூச்சு முட்ட, சிங்க் பக்கத்தில் நின்று தண்ணீர் குடித்தேன். எல்லாம் சேர்த்து நாற்பது நிமிடம். பசி என்று சொல்ல முடியாது. ருசியும் நினைவில் இல்லை. நடுவில் ஒரு இடத்தில் 'போதும், நிறுத்து' என்று எனக்கே தெளிவாகக் கேட்டது. கை நிற்கவில்லை. அதுதான் பயமாக இருந்தது.

மறுநாள் காலை கவர்களை ஆபீஸ் பையில் திணித்து பஸ் ஸ்டாண்ட் குப்பைத் தொட்டியில் போட்டேன். அதே கடை மிக்சர் பாக்கெட் ஒன்று வாங்கி, பழைய அளவுக்குக் குறைத்து, அதே கிளிப் போட்டு அதே இடத்தில் வைத்தேன். கையிருப்பைச் சரிக்கட்டுவது எங்கள் தொழிலில் மோசடி. அதிரசத்தைத்தான் சரிக்கட்ட முடியவில்லை. அதைக் கடையில் வாங்கினால் மாமியார் கைப்பக்குவம் இல்லை என்று முதல் கடியிலேயே தெரிந்துவிடும்.

சர்க்கரையின் மூன்று மாதச் சராசரி (எச்பிஏ1சி) 8.1 சதவீதம் வந்தபோது டாக்டர் ஒரே கேள்விதான் கேட்டார். "ஸ்வீட் சாப்பிடறீங்களா?" இல்லை என்றேன். "வாயைக் கட்டுங்க" என்று டயட் சீட்டு ஒன்றைக் கொடுத்து அனுப்பினார். சீட்டு கிடைக்கும் அன்றைக்கு என்ன நடக்கும் என்று என்னைப் போன்றவர்களுக்குத் தெரியும். நாளையிலிருந்து எதுவும் கிடையாது, அதனால் இன்றைக்கு மட்டும்.

அதற்கு முன்பே நான் போகாத டயட் இல்லை. பேலியோ போய் காலையில் நூறு பாதாம் எண்ணித் தின்றிருக்கிறேன். ஏழு நாள் டயட் மூன்று தடவை. கந்த சஷ்டி ஆறு நாளும் பாலும் பழமும். வெளியே பக்தி, உள்ளுக்குள் எடைக் கணக்கு. முருகனுக்கும் இது தெரிந்துதான் இருக்கும். ஒவ்வொரு தடவையும் நாலு கிலோ குறையும், ஆறு கிலோ ஏறும். எனக்கு வைராக்கியம் இல்லை என்றுதான் வீட்டில் எல்லோரும் முடிவு கட்டியிருந்தார்கள். நானும்தான்.

திருப்பம் ஒரு இளம் டாக்டரால் வந்தது. வழக்கமான டாக்டர் லீவு என்பதால் அன்று அவர் உட்கார்ந்திருந்தார். ரிப்போர்ட்டைப் பார்த்துவிட்டு, "நிறுத்தணும்னு நினைச்சும் நிறுத்த முடியாம சாப்பிடறது உண்டா சார்? யாரும் பார்க்காதப்போ?" என்று கேட்டார். குரலில் கேலி இல்லை, அதட்டல் இல்லை. இருமலா சளியா என்று விசாரிப்பதுபோல் கேட்டார். எனக்குத் தொண்டை அடைத்துக்கொண்டது. வாரத்துக்கு எத்தனை நாள், எவ்வளவு காலமாக, வாந்தி எடுப்பதோ பேதி மாத்திரை போடுவதோ உண்டா என்றெல்லாம் கேட்டுவிட்டு ஒரு பெயர் சொன்னார். என் காதில் 'பிஞ்சு' என்று விழுந்தது. கத்தரிப் பிஞ்சு, வெண்டைப் பிஞ்சு மாதிரி. பின்ஜ் ஈட்டிங் டிஸார்டர் என்று சீட்டில் எழுதிக் காட்டிய பிறகுதான் புரிந்தது.

தமிழில் இதற்குச் சரியான சொல் இன்னும் புழக்கத்துக்கு வரவில்லை. பெருந்தீனி என்றால் திட்டு. தின்னிப்பண்டாரம், சாப்பாட்டு ராமன் எல்லாமே கேலி. நோய்க்குப் பெயரே வசவாக இருந்தால் யார் டாக்டரிடம் போய்ச் சொல்வார்கள்? அமெரிக்காவில் ஆல்பர்ட் ஸ்டங்கார்ட் என்ற மனநல மருத்துவர் 1959லேயே இதைக் கவனித்து எழுதியிருக்கிறார். ஆனாலும் அங்குள்ள மனநல மருத்துவச் சங்கத்தின் நோய்க் கையேட்டில் தனி நோயாக இடம்பெற 2013 ஆனது. குறைந்தது வாரம் ஒரு தடவை, மூன்று மாதம், கட்டுப்பாடு கைவிட்டுப்போய் அளவுக்கு மீறித் தின்பது. வேகமாக, வயிறு வலிக்கும்வரை, பசியில்லாமல், வெட்கப்பட்டுத் தனியாகத் தின்பது. அப்புறம் தன்மேலேயே அருவருப்பு. தின்றதை வாந்தியாகவோ வேறு வழியிலோ தொடர்ந்து வெளியேற்றினால் அது புலிமியா, வேறு நோய். அதனால் டாக்டர் அதைக் கேட்கும்போது மறைக்கக் கூடாது.

மனநல மருத்துவரிடம் போக எனக்கு ஐந்து வாரம் பிடித்தது. அதைப் பற்றி விரிவாகச் சொல்ல ஒன்றுமில்லை. வழக்கமான பயம்தான்: யாராவது பார்த்துவிட்டால்? மனைவியிடம் சொன்ன ராத்திரிதான் கடினம். எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, "அதிரசம் காணாமப் போனதுலேர்ந்து எனக்குத் தெரியுங்க. பாப்பாதான் எடுக்கறாளோன்னு ஒரு நாள் அவளை அடிக்கக்கூடப் போயிட்டேன்" என்றாள். அடுத்த நாளே அப்பாயின்ட்மென்ட் வாங்கினேன்.

மனநல மருத்துவர் என்னைப் பரிசோதித்துவிட்டு, கிளினிக்கல் சைக்காலஜிஸ்ட் ஒருவரிடம் அனுப்பினார். நடுத்தர வயது அம்மா. என்னை 'சார்' என்பார், நான் 'மேடம்' என்பேன். வாரம் ஒரு தடவை, ஐம்பது நிமிடம், மொத்தம் 20 வாரம் என்று முதலிலேயே கணக்கு சொன்னது எனக்குப் பிடித்திருந்தது. ஆக்ஸ்ஃபோர்டில் கிறிஸ்டோபர் ஃபேர்பர்ன் என்ற மனநல மருத்துவர் உணவுக் கோளாறுகளுக்கென்றே வடிவமைத்த சிபிடி முறை அது. அறிவாற்றல் நடத்தைச் சிகிச்சை என்பார்கள். கண்ணை மூடிக்கொண்டு குழந்தைப் பருவத்துக்குப் போவது மாதிரியெல்லாம் எதிர்பார்த்திருந்தேன். அவர் கொடுத்தது கோடு போட்ட நோட்டு.

நேரம், என்ன சாப்பிட்டேன், எங்கே, அப்போது மனதில் என்ன. அளவு மீறியதாகத் தோன்றினால் பக்கத்தில் ஒரு நட்சத்திரம். சாப்பிட்ட உடனே எழுத வேண்டும். ராத்திரி உட்கார்ந்து மொத்தமாக எழுதக் கூடாது. ஊரார் கணக்கில் பொய்யைத் தேடிப் பிடிக்கிறவன், முதல் வாரமே என் நோட்டில் பொய் எழுதினேன். ஆபீஸில் யாரோ பிறந்தநாளுக்கு வாங்கித் தந்த வடையில் நான் தின்றது நாலு, எழுதியது ரெண்டு. மேடம் நோட்டைப் புரட்டிவிட்டு, "இதை நான் ஆடிட் பண்ணப் போறதில்லை சார். உங்களுக்குத்தான் இந்தக் கணக்கு வேணும்" என்றார். வெட்கமாகப் போய்விட்டது. அப்புறம் பொய் எழுதவில்லை. பூஸ்ட் பொடி, கரண்டி எட்டு என்று எழுதியபோது கை நடுங்கியது.

இரண்டாவது வாரம் அவர் சொன்னதைக் கேட்டு, இந்தம்மாவுக்கு விஷயமே புரியவில்லை என்று நினைத்தேன். ராத்திரி தின்பதை நிறுத்தச் சொல்லவில்லை. காலையில் சாப்பிடச் சொன்னார். ஏழரைக்கு டிபன், பத்தரைக்கு ஏதாவது, ஒன்றேகாலுக்குச் சாப்பாடு, நாலரைக்குச் சுண்டலோ வேர்க்கடலையோ, எட்டரைக்கு இரவுச் சாப்பாடு. மூன்று, நான்கு மணி நேரத்துக்கு மேல் வயிறு காலியாக இருக்கக் கூடாது. பசித்தாலும் பசிக்காவிட்டாலும் நேரத்துக்குச் சாப்பிட வேண்டும், நடுவில் எதுவும் வேண்டாம். முந்தின ராத்திரி எவ்வளவு தின்றிருந்தாலும் காலை டிபனை விடக் கூடாது.

"குண்டாயிடுவேனே மேடம்."

அதற்கு அவர் ஒரு கதை சொன்னார். இரண்டாம் உலகப் போர் முடியும் தறுவாயில், 1944 நவம்பரில், மினசோட்டா பல்கலைக்கழகத்தில் ஆன்செல் கீஸ் என்ற விஞ்ஞானி, போரில் ஆயுதம் எடுக்க மறுத்த 36 இளைஞர்களை வைத்து ஓர் ஆய்வு தொடங்கினார். ஆரோக்கியமான, மனத்திடம் உள்ள ஆட்கள். ஆறு மாதம் அவர்களுக்கு அரை வயிற்றுச் சாப்பாடு. கொஞ்ச நாளில் அவர்களுக்குச் சாப்பாட்டைத் தவிர வேறு நினைப்பே இல்லாமல் போனது. சிலர் சமையல் புத்தகம் சேர்க்க ஆரம்பித்தார்கள். தடை நீங்கிய பிறகு சிலர் வயிறு வெடிக்கத் தின்றும் பசி அடங்கவில்லை என்றார்கள். "அவங்களுக்கெல்லாம் வைராக்கியம் இல்லைன்னு சொல்லுவீங்களா சார்?" என்று கேட்டார் மேடம்.

எனக்கு அதுதான் முதல் வெளிச்சம். வாயைக் கட்டியதால்தான் அவிழ்ந்துகொண்டது. பகலெல்லாம் பட்டினி, ராத்திரி வெறி, காலையில் குற்ற உணர்ச்சி, அதற்குத் தண்டனையாக மறுபடி பட்டினி. இந்தச் செக்கில் எட்டு வருடம் சுற்றியிருக்கிறேன்.

காலையில் நாலு இட்லி சாப்பிட்டுவிட்டு ஆபீஸ் போன முதல் நாள், ஏதோ தப்பு செய்ததுபோல் இருந்தது. நாலரை மணி அலாரம்தான் எல்லாவற்றையும்விடப் பெரிய வேலை செய்தது என்று இப்போது சொல்வேன். முன்பு ஒரு மணிக்குப் பாதிச் சாப்பாடு சாப்பிட்டுவிட்டு எட்டரைவரை டீயிலேயே ஓட்டுவேன். அந்த ஏழரை மணி நேரப் பள்ளத்தில்தான் ராத்திரி விழுந்திருக்கிறேன். வாரத்தில் ஐந்து ராத்திரி என்றிருந்தது நாலாவது வாரம் இரண்டாகக் குறைந்தது. யாரும் என்னை எதையும் தின்னாதே என்று சொல்லாமலே.

ஒன்றை இங்கே அழுத்திச் சொல்ல வேண்டும். சர்க்கரைக்கு இன்சுலினோ, சர்க்கரையைத் தாழ்த்திவிடக்கூடிய மாத்திரைகளோ எடுக்கிறவர்கள் சாப்பாட்டு நேரத்தை மாற்றும் முன் சர்க்கரை டாக்டரிடம் சொல்லிவிட வேண்டும். என் மாத்திரை அளவையும் நேரத்தையும் மாற்றினார்கள். தாழ்சர்க்கரை வந்தாலே வெறி பிடித்த மாதிரிப் பசிக்கும். அதையும் இந்த நோயையும் போட்டுக் குழப்பிக்கொள்ளக் கூடாது.

விரதத்தில்தான் வீட்டில் சண்டை வந்தது. சிகிச்சை முடியும்வரை எந்த விரதமும் வேண்டாம் என்று மேடம் சொன்னதும் அம்மா, "சாமி குத்தம்" என்று முகத்தைத் திருப்பிக்கொண்டார். கடைசியில் எனக்கும் சேர்த்து அவரே சஷ்டி இருந்தார்.

எடை மெஷின் இன்னொரு தொல்லை. நாளைக்கு மூன்று தடவை ஏறுவேன். பாத்ரூம் போய்விட்டு வந்து மறுபடி ஏறுவேன். வாரம் ஒரு நாள், அதுவும் ஆலோசனை அறையில் மட்டும் என்று ஆனது. வீட்டு மெஷினை மனைவி பரணில் போட்டாள்.

வெறி வரும்போது என்ன செய்வது என்பதற்கும் ஒரு பட்டியல் போட்டோம். நடைபயிற்சி, குளியல் எல்லாம் எழுதினேன். பதினொன்றரை மணிக்கு யார் நடக்கப் போகிறார்கள்? எனக்குக் கைகொடுத்தது இஸ்திரிப் பெட்டி. மகளின் யூனிஃபார்மைத் தேய்ப்பேன். இரண்டு கையும் மாட்டிக்கொள்ளும், கவனம் சிதறினால் துணி கருகிவிடும். அந்த உந்துதல் அலை மாதிரி, ஏறினால் இறங்கும் என்று மேடம் சொல்லியிருந்தார். கடிகாரத்தை வைத்துப் பார்த்தேன். எனக்கு இருபது, இருபத்தைந்து நிமிடத்தில் இறங்கிவிடும். பாவாடை, சட்டை, பெல்ட் துணி எல்லாம் முடிந்து அடுத்த வாரத்துக்கானதையும் தேய்த்திருப்பேன்.

பத்தாவது வாரம் நோட்டைப் பரப்பி வைத்துக்கொண்டு உட்கார்ந்தோம். கணக்குப்பிள்ளைக் கண்ணுக்கு உடனே தெரிந்தது: மிச்சமிருந்த நட்சத்திரம் பெரும்பாலும் ஞாயிற்றுக்கிழமை. ஞாயிறு ராத்திரி ஒன்பது மணிக்கு அண்ணன் போன் செய்வார், லால்குடி வீட்டுப் பாகப்பிரிவினை விஷயமாக. நான் 'சரிண்ணே, சரிண்ணே' என்பேன். போனை வைத்துவிட்டு டிவி பார்ப்பேன். பதினொன்றரைக்குச் சமையலறை. சொல்லாமல் விழுங்கியதற்கெல்லாம் மேல் சோற்றைப் போட்டு மூடியிருக்கிறேன் போலிருக்கிறது. அடுத்த மூன்று வாரம் சாப்பாட்டைப் பற்றிப் பேச்சே இல்லை, அண்ணனைப் பற்றித்தான். உறவுச் சிக்கல்களை மட்டுமே எடுத்துப் பேசும் ஐபிடி என்ற சிகிச்சையும் இந்த நோய்க்கு நல்ல பலன் தருகிறது என்றார் மேடம். கோபத்தையும் துக்கத்தையும் தாங்கப் பழக்கும் டிபிடியும் உண்டு. கடைசியில் நான் செய்தது சின்ன விஷயம். "அண்ணே, இனிமே காலையில பேசுவோம். ராத்திரி வேணாம்" என்றேன். அவர் ஒரு மாதம் பேசவில்லை. அப்புறம் காலையில் பேசினார்.

மைசூர்பாகு பாடம் பதினான்காவது வாரம். எனக்கு நானே தடை போட்டிருந்த பண்டங்களைப் பட்டியலிடச் சொன்னார், 31 வந்தது. அதில் பயம் குறைந்ததிலிருந்து ஆரம்பித்து ஒவ்வொன்றாகப் பகலில், சாப்பாட்டு நேரத்தில், யாருடனாவது உட்கார்ந்து சாப்பிட வேண்டும். சர்க்கரைக்காரனுக்கு இனிப்பா என்று நானும் கேட்டேன். ஒரு துண்டை வெளிச்சத்தில் தின்பதா, அரைக் கிலோவை இருட்டில் தின்பதா என்று திருப்பிக் கேட்டார். ஞாயிறு நாலரைக்கு நூறு கிராம் வாங்கிவந்து தட்டில் ஒரு துண்டு வைத்து, மனைவி எதிரில் உட்கார்ந்து சாப்பிட்டேன். ஓரம் மொறுமொறுவென்றும் நடுவில் ஈரமாகவும் இருந்தது. கொஞ்சம் திகட்டியது. இத்தனை வருடத்தில் மைசூர்பாகு திகட்டும் என்பதே எனக்குத் தெரியாது.

மருந்து பற்றிக் கேட்பவர்களுக்கு: மனச்சோர்வும் இருந்ததால் எனக்கு ஃப்ளூவாக்ஸெடின் கொடுத்தார்கள், ஒன்பது மாதம் எடுத்து, டாக்டர் சொன்னபடி குறைத்து நிறுத்தினேன். முதல் பத்து நாள் குமட்டல், அவ்வளவுதான். டோபிராமேட் என்ற மருந்து வெறியையும் எடையையும் குறைக்கும். ஆனால் விரல் மரத்துப்போவதும் சொல் வாயில் வராமல் தடுமாறுவதும் சிலருக்கு உண்டு என்றதும், கணக்கு பார்க்கிற பிழைப்பில் அது வேண்டாம் என்றேன். லிஸ்டெக்ஸாம்ஃபெட்டமின் என்பதை 2015இல் அமெரிக்காவில் இந்த நோய்க்கென்றே அனுமதித்தார்கள். பழக்கத்துக்கு அடிமையாக்கும் வகையைச் சேர்ந்தது. இப்போது எல்லோரும் கேட்கும் செமாக்ளூடைட் வகை ஊசிகள் பசியை அடக்கும். ஆனால் இந்த நோய்க்கான மருந்தாக அவற்றுக்கு அனுமதி இல்லை. ஊசியால் ஞாயிற்றுக்கிழமை போனை என்ன செய்ய முடியும் என்பது என் சொந்தக் கேள்வி. பிரிட்டனில் சிகிச்சை முறைகளுக்கு வழிகாட்டும் நைஸ் என்ற அமைப்பு 2017இல் வெளியிட்ட வழிகாட்டுதல், மருந்தை மட்டும் தனிச் சிகிச்சையாகத் தரக் கூடாது என்கிறது. முதலில், ஒருவர் துணையோடு சுய உதவிப் புத்தகத்தைப் பின்பற்றும் முறையைத்தான் அது சொல்கிறது. அது ஒத்துவராவிட்டால் சிபிடி.

செலவு? தனியாரில் ஒரு அமர்வுக்கு 1,200 ரூபாய் கொடுத்தேன். முடியாதவர்கள் அரசு மருத்துவக் கல்லூரி மனநலப் பிரிவு ஓ.பி.க்குப் போகலாம். எங்கே போவது என்றே தெரியாவிட்டால் 14416, டெலிமானஸ் என்ற அரசு மனநல உதவி எண்ணுக்குத் தமிழிலேயே பேசலாம், காசு கிடையாது. உயிரை விட்டுவிடலாமா என்று தோன்றுகிறவர்கள் அப்பாயின்ட்மென்டுக்கெல்லாம் காத்திருக்காமல் உடனே இந்த எண்ணுக்குப் பேச வேண்டும். சைக்காலஜிஸ்டைத் தேர்ந்தெடுக்கும்போது ஆர்சிஐ (இந்திய மறுவாழ்வு கவுன்சில்) பதிவு இருக்கிறதா, உணவுக் கோளாறுக்குச் சிகிச்சை கொடுத்த அனுபவம் இருக்கிறதா என்று கேட்டுவிடுங்கள். முதல் நாளே டயட் சீட்டை நீட்டினால் எழுந்து வந்துவிடுவதே உத்தமம். டாக்டரிடம் 'கொஞ்சம் அதிகமாகச் சாப்பிடுகிறேன்' என்று சொன்னால் வேலைக்கு ஆகாது. 'வாரத்தில் இத்தனை நாள், நிறுத்த முடியாமல், ஒளிந்து சாப்பிடுகிறேன்' என்று சொல்லுங்கள்.

எடையைப் பற்றிச் சொல்லாமல் விட்டால் அதுவும் பொய்க் கணக்குதான். ஆரம்பித்தபோது 97 கிலோ, இன்று 94. அவ்வளவுதான். இந்தச் சிகிச்சை எடை குறைப்பதற்கல்ல என்று மேடம் முதல் நாளே சொல்லியிருந்தும், பன்னிரண்டாவது வாரம் அதற்காக அழுதேன். மூன்று மாதச் சராசரி 7க்கு இறங்கியிருக்கிறது. ஏறி இறங்கி ஏறும் அந்த ஆட்டம் நின்றுவிட்டது.

மச்சினன் கல்யாணத்தில் ஒரு ராத்திரி பழையபடி ஆனது. மண்டபத்துச் சமையல்கட்டில், ஜாங்கிரி அண்டா பக்கத்தில். இருபது வாரமும் வீண் என்று விடியும்வரை புரண்டேன். காலையில் மனைவி, "ஏழரையாச்சு, பொங்கல் சூடா இருக்கு, வாங்க" என்றாள். அதற்கு மேல் ஒரு வார்த்தை கேட்கவில்லை. போய்ச் சாப்பிட்டேன். நோட்டில் நட்சத்திரம் போட்டேன். அடுத்த நட்சத்திரம் நாலு மாதம் கழித்துத்தான் வந்தது.

வீட்டில் இருப்பவர்கள் செய்ய வேண்டியதும் இவ்வளவுதான். இனிப்பை ஒளித்துவைக்காதீர்கள், தட்டை எண்ணாதீர்கள், 'இன்னொண்ணா?' என்று கேட்காதீர்கள். நேரத்துக்குச் சாப்பாட்டை வையுங்கள்.

போன தீபாவளிக்கு மாமியார் ஒரு சம்படம் நிறைய அதிரசம் கொடுத்தனுப்பியிருந்தார். முதல் வாரம் தினம் ஆளுக்கொன்று நாலரைக்குச் சாப்பிட்டோம், அப்புறம் மறந்துவிட்டோம். கார்த்திகைக்கு வீடு கழுவும்போது மேல்தட்டிலிருந்து மகள் சம்படத்தை இறக்கித் திறந்தாள். "அய்யே, எறும்பு!" என்று கத்தினாள். ஓடிப் போய்ப் பார்த்தேன். ஏழெட்டு அதிரசம் மிச்சமிருந்தது, எல்லாவற்றிலும் கட்டெறும்பு. மனைவி சம்படத்தைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள். சிரிப்பை அடக்க முடியாமல் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு கொல்லைப்பக்கம் போய்விட்டாள்.